வளரவிடாத பொத்தான்

வளர்ச்சி நின்றது என்ற வரி திரையில் வந்து, அதற்குரிய சோர்ந்த மெட்டும் ஒலித்து முடிந்த பிறகு, அந்தக் கறுப்பு நிழல் இன்னொரு முறை உப்பி அடங்கியது.

அப்படி ஆகக் கூடாது. பொத்தானை அழுத்தினால் நிழல் உடனே சுருங்கி, பழைய களிமண் நிற உருண்டையாகி, இரண்டு கண்களாலும் மலங்க மலங்க விழிக்க வேண்டும். சிஹாரு ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு, பதிவான காட்சியைப் பின்னால் ஓட்டிப் பார்த்தாள். எழுத்து வந்தது, மெட்டு முடிந்தது, உருண்டை விழித்தது. கூடுதலாக எந்த அசைவும் இல்லை. மறுபடி ஓட்டினாள். இல்லை. கண்தான் ஏமாற்றுகிறது என்று விட்டுவிட்டாள். காலையிலிருந்து ஒரே வெள்ளைத் திரையை வெறித்துக்கொண்டிருக்கும் கண் வேறு என்ன செய்யும்?

வீடியோ விளையாட்டுக் கம்பெனியில் வேலை என்றால் கேட்பவர்கள் வாயைப் பிளப்பார்கள். அதில் விளையாட்டு எங்கே இருக்கிறது என்று சிஹாருவுக்கு இத்தனை வருடமாகியும் பிடிபடவில்லை. ஒசாகாவில், ரயில் பாதையை ஒட்டிய ஒரு கட்டடத்தின் மாடியில், வெளிவராத விளையாட்டுகளை வாங்கி வைத்துக்கொண்டு எங்கே உடைகிறது என்று தேடுவது அவர்கள் பிழைப்பு. ஒரு சுவரில் முட்டச் சொன்னால் நாள் முழுக்க முட்ட வேண்டும். கதவைத் திறந்து மூடச் சொன்னால் திறந்து மூட வேண்டும். இந்தத் தடவை வந்திருப்பது பிராணி வளர்க்கும் விளையாட்டு. காட்டிலும் ஆற்றிலும் திரியும் விசித்திரப் பிராணிகளைப் பிடித்து, தீனி போட்டு, தடவிக் கொடுத்து, சண்டைக்கு விட்டுப் பெரிதாக்க வேண்டும். அவற்றில் நுகுமி என்று ஒரு குட்டிப் பிராணி. கை கால் எதுவும் கிடையாது, வெறும் உருண்டை. ஆனால் அது வளரும்போது எப்படி வளர்க்கிறோமோ அப்படி உருமாறும். ஆற்றோரம் வளர்ந்தால் செதில். மலையில் வளர்ந்தால் கொம்பு. இருட்டிலேயே வளர்ந்தால் கண் மறைந்துவிடும். பாசமாக வளர்த்தால் சிறகு முளைக்கும். பாசமில்லாமல் வளர்த்தால் கை. ஒன்றிரண்டு அல்ல, உடம்பெல்லாம் கை. ஒரு தடவை பிடித்தால் எதிராளி ஓட முடியாது.

உருமாறும் நேரம் வந்தால் திரை வெளுக்கும், இசை ஏறும், உருண்டை கறுப்பு நிழலாகி உப்பி அடங்கி உப்பி அடங்கித் துடிக்கும். குட்டியாகவே இருக்கட்டும் என்று ஆசைப்படும் பிள்ளைகளுக்காக ஒரு பொத்தான் உண்டு. அதை அழுத்தினால் வளர்ச்சி நின்றுவிடும். அந்த இடத்தில் எப்போதாவது விளையாட்டு உறைந்துபோகிறது என்று புகார் வந்திருந்தது. எந்தக் கணத்தில் அழுத்தினால் உறைகிறது என்று கண்டுபிடிக்கச் சொல்லி சிஹாருவிடம் கொடுத்தார்கள். ஆகவே மூன்று வாரமாக அவள் அந்தப் பிராணியை வளரவிடுகிறாள், தடுக்கிறாள், வளரவிடுகிறாள், தடுக்கிறாள். வலது கட்டைவிரலில் தோல் தடித்து, அதன்மேல் பிளாஸ்திரி சுற்றியிருந்தாள்.

"உனோ-சான், அதைக் கொஞ்சம் வளரத்தான் விடுங்களேன். மூஞ்சியைப் பாருங்க, பரீட்சையில கோட்டைவிட்ட புள்ள மாதிரி" என்றாள் பக்கத்து மேஜை தொகுரா, சிஹாருவைக் குடும்பப் பெயரால் அழைத்து. வயது இருபத்து சொச்சம், வாய் மட்டும் நாற்பது.

"வளரவிட்டா எனக்கு வேலை போயிடும்."

"ஒவ்வொரு தடவை தடுக்கறப்பவும் அதுக்கு நம்ம மேல இருக்கற பாசம் கொஞ்சம் குறையுமாம். இந்நேரம் உங்களைக் கண்டாலே அதுக்கு ஆகாது."

சிஹாரு சிரித்தாள். சிரித்த வேகத்தில் அடிவயிற்றில் ஏதோ தொட்டிமீன் புரள்வது போலப் புரண்டது. கையை மேஜைக்கடியில் கொண்டுபோய் ஸ்வெட்டருக்கு மேலாக வைத்துக்கொண்டாள். அலுவலகத்தில் யாருக்கும் தெரியாது. மார்ச்சில் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்க வேண்டும். அதுவரை தெரிய வேண்டாம் என்று கர்ப்பிணிகளுக்கு வார்டு அலுவலகத்தில் கொடுக்கும் இளஞ்சிவப்பு அட்டையைக்கூட பைக்கு வெளியே மாட்டாமல் உள்ளறையில் ஒளித்து வைத்திருந்தாள். ரயிலில் நின்றுகொண்டேதான் வருவாள், நின்றுகொண்டேதான் போவாள்.

திரையில் வரி வந்தது. கொமேயின் வளர்ச்சி நின்றது.

அந்தப் பெயர்தான் முள். பிராணிக்குப் பெயர் கேட்டு ஒரு பெட்டி வரும். சோதனை வேலையில் இருக்கிறவர்கள் அதில் யோசித்து எதையும் எழுத மாட்டார்கள். முதல் எழுத்திலேயே பொத்தானை நாலு தட்டு தட்டி "அஅஅஅ" என்று போட்டுவிட்டு மேலே போவார்கள். அந்த மாடியில் பிறந்து செத்த பிராணிகள் அத்தனைக்கும் அதுதான் பெயர். இந்த வேலை தொடங்கிய நாளில் சிஹாரு கழிப்பறையில் வாந்தி எடுத்துவிட்டு, வாயில் புளிப்புடன், கண்ணில் நீருடன் வந்து உட்கார்ந்தாள். பெட்டி பெயர் கேட்டது. மனசில் என்ன இருந்ததோ அதைக் கட்டைவிரல் அடித்துவிட்டது.

கொமே என்றால் அரிசி. முதல் ஸ்கேனில் தெரிந்த புள்ளியைப் பார்த்து அவள் கணவன் யோஹெய் வைத்த பெயர். பிறக்கும்வரை வயிற்றுப் பிள்ளையை இப்படி ஏதாவது செல்லப் பெயரில் கூப்பிடுவது இங்கே எல்லா வீட்டிலும் இருப்பதுதான். போன வருடம் வந்த பிள்ளைக்கு அவர்கள் பெயர் வைக்கவில்லை. சீக்கிரம் வைத்தால் கண்படும் என்று பயந்தார்கள். அது ஐந்தாம் மாதத்தில் வளராமல் நின்று, பிறகு துடிப்பும் நின்றது. கூப்பிடாததால்தான் தங்கவில்லை என்று யோஹெய் தனக்குள் முடிவு கட்டிவிட்டான். இந்தத் தடவை காலை மாலை வயிற்றுப் பக்கம் குனிந்து பெயர் சொல்லிக் கூப்பிடுகிறான்.

தவறாகப் பெயர் போட்டதை அன்றே பார்த்துவிட்டாள். மாற்ற வேண்டும் என்றால் புதிதாகப் பிடித்து, தீனி போட்டு, தடவிக் கொடுத்து, உருமாறும் விளிம்புவரை மறுபடி கொண்டுவர வேண்டும், ஒரு நாள் வேலை. உடம்பு கெஞ்சியது. நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டாள். மறுநாளும் அதே அலுப்பு இருந்தது.

அன்று மாலை வீட்டில் யோஹெய் குழம்புச் சட்டியில் முட்டைக்கோஸ் அரிந்து போட்டுக்கொண்டிருந்தான். நகரப் பேருந்து ஓட்டுகிறவன். அதிகாலை முறை என்றால் மாலையில் சமையல் அவன் கையில். அடுப்பை அணைத்துவிட்டு வந்து அவளுடைய வயிற்றுத் துணியை அவிழ்க்க உதவினான். ஐந்தாம் மாதத்தில், பஞ்சாங்கத்தில் நாயின் நாளாகப் பார்த்து, கோயிலில் வாங்கிக் கட்டிக்கொண்ட வெள்ளைத் துணி அது. நாய் மாதிரி சுலபமாகப் பெற வேண்டும் என்று வேண்டிக்கொண்டு கட்டுவது.

"காலையில இறுக்கித்தானே கட்டினேன்? இவ்வளவு தளர்ந்திருக்கே" என்றான்.

"துணி இளகியிருக்கும்."

"துணியா இளகும்? சாயங்காலம் ஆக ஆக வயிறு முட்டணும். இது என்ன, தொளதொளன்னு." துணியின் நுனியைத் தூக்கிப் பார்த்தான். நேற்றைவிட ஒரு சாண் கூடுதலாகத் தொங்கியது போல அவளுக்கும் பட்டது.

பேச்சை மாற்றத்தான் பெயர்க் கதையைச் சொன்னாள். வேடிக்கையாகச் சொல்லத் தொடங்கியவள், அவன் முகத்தைப் பார்த்துப் பாதியில் குரலைத் தாழ்த்தினாள்.

"அந்தப் பேரை எதுக்கு அங்க போட்ட?"

"கை தவறிடுச்சு. தலை சுத்தி உக்காந்திருந்தேன்."

"மூணு வாரமா அந்தப் பேரை வெச்சுக்கிட்டா நிறுத்து நிறுத்துன்னு அழுத்திட்டிருக்க?"

"அது விளையாட்டுங்க. வெறும் பொம்மை."

"பொம்மைதானே. அப்ப மாத்தறதுல என்ன கஷ்டம்? நாளைக்கே மாத்திடு, சிஹாரு." அவன் கோபப்படவில்லை. அதுதான் அவளை உறுத்தியது. குழம்பு ஆறும்வரை அவன் துணியைச் சுருட்டிக்கொண்டே உட்கார்ந்திருந்தான்.

மறுநாள் முதல் வேலையாக மாற்றிவிடும் முடிவோடுதான் போனாள். மாடிக்கதவைத் திறந்ததுமே ஒரு சத்தம் வித்தியாசமாகக் கேட்டது. டக். சற்று இடைவெளி. டக். வேறு மூலையிலிருந்து இன்னொரு டக். ஜன்னலோர மேஜைகளில் உள்ளங்கையளவு இயந்திரங்களைப் பொருத்தியிருந்தார்கள். நுனியில் ரப்பர் வைத்த ஒரு கம்பி, இறங்கி பொத்தானை அழுத்தும், ஏறும். அலுவலகத்தில் அதற்குப் பெயர் விரல். மனிதக் கட்டைவிரல் அலுத்துப்போகும் வேலைக்கு அதை வைப்பார்கள்.

"நல்ல சேதி, உனோ-சான்" என்று வந்தான் மிசுகாமி. குழுத் தலைவன், அவளைவிட இளையவன், யாரையும் கடிந்து பேசத் தெரியாதவன். "உங்க பிராணியையே எல்லா மேஜைக்கும் நகல் எடுத்துப் போட்டுட்டேன். சரியா உருமாறப் போற நேரத்துல அவ்வளவு சுத்தமா நிறுத்தி வெச்சிருந்தீங்க. அந்த மேஜை ஆத்தோரம், இது மலை, அந்தக் கோடியில இருக்கறது இருட்டு. உங்க மேஜையில பாசம். விரல் பாட்டுக்கு ராத்திரி பகல்னு அழுத்தட்டும். நீங்களும் கொஞ்சம் கைக்கு ஓய்வு குடுக்கலாம்."

சிஹாரு ஜன்னலோரம் பார்த்தாள். வெள்ளைத் திரைகள். உப்பும் நிழல்கள். டக். கொமேயின் வளர்ச்சி நின்றது. டக். கொமேயின் வளர்ச்சி நின்றது.

"பேரை மட்டும் மாத்திக்கலாமா?"

"மாத்தினா எல்லாத்தையும் முதல்லேர்ந்து சரிபாக்கணும். வர்ற வாரம் ஒப்படைக்கணுமே." தலையைச் சொறிந்துகொண்டான். "அரிசின்னு பேரு நல்லாத்தான் இருக்கு. பசியில வெச்சீங்களோ?"

அவளும் சிரித்து வைத்தாள். காரணம் இதுதான் என்று சொல்லியிருந்தால் மிசுகாமி மாற்றியிருப்பான், மன்னிப்பும் கேட்டிருப்பான். சொல்ல வாய் திறந்தபோது மார்ச் மாதம் ஞாபகத்துக்கு வந்தது. போய்த் தன் மேஜையில் உட்கார்ந்தாள்.

அதன் பிறகுதான் கவனிக்கத் தொடங்கினாள், கவனிக்காமலே இருந்திருக்கலாம். திரை வெளுத்து இசை ஏறும்போது வயிற்றுக்குள் அந்தப் புரளல் வரும். பொத்தானை அழுத்தினால் நின்றுவிடும். தற்செயல்தான் என்று சொல்லிக்கொண்டு அடுத்த தடவை சற்றுத் தாமதித்து அழுத்தினாள். புரளலும் சற்று நீண்டது. அதற்கடுத்த தடவை இன்னும் தாமதித்தாள். எந்தக் கணம்வரை பொத்தான் வேலை செய்யும், எந்தக் கணத்துக்குப் பிறகு எவ்வளவு அழுத்தினாலும் பயனில்லை என்பது அவளுக்கு மட்டும்தான் அத்துப்படி. அந்த எல்லைவரை விட்டாள். உள்ளே அது நீந்தியது, திரும்பியது, சுவரில் எதையோ தடவிப் பார்த்தது. விட்டுவிடலாம் போலிருந்தது. மிசுகாமி பின்னால் வந்து நின்றான். அழுத்தினாள்.

உள்ளே அமைதி. சோர்ந்த மெட்டு.

யோஹெய் கேட்டபோது மாற்றிவிட்டேன் என்று பொய் சொன்னாள். இன்னும் சில நாட்களில் வேலை முடிந்துவிடும், எல்லாவற்றையும் அழித்துவிடுவார்கள், அவ்வளவுதானே என்று தனக்கும் சொல்லிக்கொண்டாள். ஆனால் இரவில் படுத்தால், பக்கத்தில் அவன் குறட்டைக்கு நடுவே, குளிர்சாதனப் பெட்டியின் உறுமலுக்கு அடியில், அவள் விட்டுவிட்டு வந்த அந்த மாடியில் யாருமில்லாத இருட்டில் விரல்கள் இறங்கி ஏறுவது கேட்டது. வயிறு துள்ளும். டக். அடங்கும். வேறொரு மேஜை. துள்ளும். டக். அடங்கும். காலையில் துணியைக் கட்டும்போது முந்தின நாள் முடிச்சு விழுந்த சுருக்கத்தைத் தாண்டி இன்னும் உள்ளே தள்ளித்தான் புது முடிச்சு விழுந்தது.

வெள்ளிக்கிழமை பாதி நாள் விடுப்பு எடுத்துக்கொண்டு மருத்துவமனைக்குப் போனாள். டாக்டரம்மா வயிற்றில் குளிர்ந்த கூழைத் தடவி, கருவியை வைத்து, வெகுநேரம் நகர்த்திக்கொண்டிருந்தார். சாம்பல் நிறத் திரை. நடுவே இருண்ட பள்ளம். பள்ளத்தில் ஒரு சின்ன நிழல் உப்பி அடங்கி உப்பி அடங்கித் துடித்தது.

"இதயம் நல்லா அடிக்குது" என்றார். பிறகு, "அளவு மட்டும் போன தடவை எடுத்ததேதான் வருது. நான்தான் தப்பா அளந்துட்டேனோ என்னவோ. திங்கக்கிழமை வாங்க, திரும்பப் பாத்துடலாம்."

"போன வருஷமும் இதைத்தான் சொன்னீங்க."

டாக்டரம்மா அவள் வயிற்றைத் துடைத்துவிட்டார். துடைக்கும் கை ரொம்ப மெதுவாக இருந்தது. அந்த மெதுவில் சிஹாருவுக்கு எல்லாம் புரிந்துவிட்டது. இரண்டாம் தடவை அதைத் தாங்க அவளிடம் தெம்பு இல்லை. திங்கட்கிழமைவரை காத்திருக்கவும் இல்லை. அழக்கூட அலுப்பாக இருந்தது. கோட்டை மாட்டிக்கொண்டு ரயிலேறி, வீட்டு நிலையத்தில் இறங்காமல் அலுவலகத்துக்கே போனாள்.

ஐந்து மணிக்கே இருட்டிவிட்டது. அன்று அலுவலகத்தில் ஆண்டிறுதி விருந்து. எல்லாரும் நிலையத்தருகே ஏதோ கடைக்குக் கிளம்பிப் போயிருந்தார்கள். அவள் சளி என்று சொல்லி முன்பே கழன்றுகொண்டிருந்தாள். அலுவலக அட்டையைக் காட்டிக் கதவைத் திறந்தபோது சூடான பிளாஸ்டிக்கின் வாடையும், யாரோ தின்றுவிட்டு மூடாமல் போன கப் நூடுல்ஸின் வாடையும் ஒன்றாக வந்து முகத்தில் அடித்தன. ஆள் நடமாடினால் எரிய வேண்டிய விளக்கு எரியவில்லை. தேவையும் இல்லை. ஜன்னலோரத் திரைகள் வெளுத்து இருண்டு வெளுத்து இருண்டு அறை முழுவதையும் விழிக்க வைத்தும் தூங்க வைத்தும் கொண்டிருந்தன. கீழே ரயில் போனது. கண்ணாடி அதிர்ந்தது. அதிர்வு அடங்கியதும் அந்தச் சத்தங்கள் மட்டும் மிஞ்சின.

டக். வயிறு துள்ளி அடங்கியது.

டக்.

அவளுடைய மேஜையிலும் விரலைப் பொருத்தியிருந்தார்கள். அதன் கம்பியைப் பிடித்து இழுத்துக் கழற்றினாள். அது காற்றை இரண்டு தடவை அழுத்திவிட்டு நின்றது. திரையில் உருண்டை கண்ணை விழித்தது. உருமாறும் நேரம் வரக் கொஞ்சம் பொழுதாகும் என்று அவளுக்குத் தெரியும். அதற்குள் ஆற்றோர மேஜைக்குப் போனாள். கழற்றினாள். மலை. கழற்றினாள். கோடியில் இருட்டு மேஜை. கழற்றினாள். இனி யாரும் கொமேயைத் தடுக்கப் போவதில்லை.

"வளரு" என்றாள், வாய்விட்டு. "போதும். நல்லா வளரு."

ஆற்றோரத் திரை முதலில் வெளுத்தது. நிழல் உப்பியது, அடங்கியது, உப்பியது. பொத்தான்மேல் எதுவும் இல்லை. வயிற்றுக்குள் புரளல் தொடங்கி, நிற்காமல் தொடர்ந்தது. மூன்று வாரமாக அவள் கேட்காத இசை, தடுக்கப்படாதபோது மட்டும் ஒலிக்கும் இசை, அந்த வெற்று அறையில் எழும்பியது. பிறகு ஓர் உதை. மீன் புரள்வது அல்ல, நிஜமான உதை, இடது அடிவயிற்றில், கோட்டுக்கு வெளியே தெரிகிற மாதிரி. சிஹாரு மேஜையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். மூக்கு ஒழுகியது, துடைத்துக்கொள்ளவில்லை. எத்தனையோ நாள் கழித்து அவளுக்குச் சந்தோஷமாக இருந்தது. வயிற்றுத் துணி இறுகுவது தெரிந்தது.

வாழ்த்துகள் என்றது திரை. ஈரமான செதில்களோடு ஒன்று புரண்டு அவளைப் பார்த்தது.

மலைத் திரை வெளுத்தது. இரண்டாவது உதை வந்தது. உதை இல்லை, குத்து. விலாவுக்குக் கீழே, உள்ளிருந்து, கூரான எதையோ வைத்து. வலியில் குனிந்தாள். வாழ்த்துகள். கொம்பு.

குனிந்தபடியே நின்றாள். இடது பக்கம் அந்த முதல் அசைவு இன்னும் இருந்தது. வழுக்கிக்கொண்டு, தன் போக்கில். விலாவுக்குக் கீழே வேறொன்று. இரண்டும் ஒன்றல்ல.

கோடியில் மூன்றாவது திரை வெளுத்தது. உள்ளே முதுகுப் பக்கமாக ஏதோ ஒன்று மெல்ல நகர்ந்தது. அவசரமில்லாமல். பார்வையில்லாதவர்கள் சுவரைத் தடவுவது போல.

ஒவ்வொரு மேஜையும் ஒவ்வொரு விதம். மிசுகாமி வரிசையாகக் காட்டிச் சொன்னான். ஆறு, மலை, இருட்டு. கேட்டுத் தலையாட்டியவள் அவள்தான். தெரிந்துதான் இருந்தது. அலுப்பில் அதை நினைக்கவில்லை.

"வேண்டாம்" என்றாள். கோடிக்கு ஓடினாள். பொத்தானை அழுத்தினாள். நேரம் கடந்திருந்தது. வாழ்த்துகள். கண்ணில்லாத முகம் திரையிலிருந்து அவள் நின்ற பக்கம் சரியாகத் திரும்பியது.

பின்னால் அவளுடைய மேஜைத் திரை வெளுத்தது.

பாசம். அது பாச மேஜை. அந்த முதல் நாள் எவ்வளவு தடவிக் கொடுத்தாள், எவ்வளவு தீனி போட்டாள். சிறகு வரும். சிறகு மட்டும் வந்தால் போதும், மற்றதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். வயிற்றைத் தாங்கிக்கொண்டு நடந்தாள். பாதி வழியில் தொகுரா சொன்ன வேடிக்கை நினைவுக்கு வந்தது. ஒவ்வொரு தடவை தடுக்கறப்பவும். மூன்று வாரம். ராத்திரி பகல். நாலு மேஜை.

ஓடினாள். கட்டைவிரல் பொத்தானைத் தொட்டது. அழுத்தினாள். நிழல் உப்பியது. அந்தக் கணம் எது என்று அவளுக்கு மட்டும்தான் தெரியும். அது போய்விட்டது. அழுத்தினாள். அடங்கவில்லை. அழுத்தினாள். நிழலின் ஓரம் பிளந்தது. ஒரு விரல். பிறகு ஒரு விரல். பிறகு வரிசையாக.

வாழ்த்துகள்.

எப்படி வீட்டுக்கு வந்தாள் என்று கேட்டால் அவளால் சொல்ல முடியாது. ரயிலில் யாரோ எழுந்து இடம் கொடுத்தார்கள். வயிறு அப்படித் தெரிந்தது. அந்த இளஞ்சிவப்பு அட்டைக்கு இனி வேலையில்லை.

கதவைத் திறந்த யோஹெய் கோட்டின் பொத்தான் தெறித்திருப்பதைப் பார்த்தான், வயிற்றைப் பார்த்தான், கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தான்.

"சிஹாரு! என்னது இது, ஒரே நாள்ல! டாக்டரம்மா என்ன சொன்னாங்க? நல்லா வளர்ந்திருக்குன்னாங்களா?"

அவள் படுக்கையில் சாய்ந்தாள். அவன் பக்கத்தில் மண்டியிட்டுத் துணியின் முடிச்சை அவிழ்க்கப் பார்த்தான். அவிழவில்லை. சதையில் பதிந்துபோயிருந்தது. துணிக்கு மேலேயே உள்ளங்கையை விரித்து வைத்து, காதையும் வைத்தான்.

"கொமேக் குட்டி... ஐயோ, உதைக்குது! இங்க பாரு, இங்க!" கண் கலங்கச் சிரித்தான். "இங்கயும்! வலிக்குதா உனக்கு? இது முழங்காலா இருக்கும். இது... என்ன இது, இவ்வளவு கூரா." கையை நகர்த்தினான். சிரிப்பு முகத்தில் அப்படியே இருந்தது. "இதுவும் அதேதானா? அது அங்க இல்ல இருந்துது?"

அவள் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ரொம்பக் களைப்பாக இருந்தது.

"கையை எடுங்க" என்றாள்.

"இரு, இது விரல். தெரியுது பாரு, விரல். குட்டி விரல்." அவன் தன் சுட்டுவிரலைத் துணிமேல் மெல்ல அழுத்தி வைத்தான். "கொமே, அப்பா பேசறேன். பிடி பாக்கலாம்."

பிடித்தது. தோலோடும் துணியோடும் சேர்த்து, நிதானமாக, ஒவ்வொரு விரலாக மடித்துப் பிடித்தது. யோஹெய் சிரித்தான். பிறகு விரலை இழுத்தான். வரவில்லை. பிறகு இரண்டு கையாலும் இழுத்தான். துணியில் அவன் மணிக்கட்டைச் சுற்றி இன்னொரு கையின் வடிவம் எழுந்தது, அதற்குப் பக்கத்தில் இன்னொன்று.

"சிஹாரு" என்றான். "சிஹாரு, இதை விடச் சொல்லு."

பிளாஸ்திரி சுற்றிய அவளுடைய கட்டைவிரல் மட்டும் போர்வையை அழுத்திக்கொண்டிருந்தது, விட்டு விட்டு, திரும்பத் திரும்ப.